ஒயர் எட்டுற தூரம்

வாங்க தம்பி, திண்ணையில உக்காருங்க. கேமராவை அங்கிட்டு வைங்க, கோழி தட்டிவிட்டுரும். முன்பின் தெரியாத மனுசங்ககிட்ட அன்பு இருக்கான்னு தேடிக் கிளம்பியிருக்கீகளாக்கும்! நல்ல சோலிதான். பக்கத்து வீட்டுக்காரன்கிட்ட தேடுனா செலவில்லாம முடிஞ்சிரும். அப்புறம் காரு எதுக்கு, டிரைவர் எதுக்கு, அந்தப் பறக்குற கேமரா எதுக்கு?

நேத்து ராத்திரி லேப்டாப்புல காட்டுனீகளே, ஆக்னஸ் வர்தான்னு பிரான்சு தேசத்து அம்மா, உச்சந்தலை வெள்ளையும் ஓரமெல்லாம் செவப்புமா முடி வச்சுக்கிட்டு. அது கெட்டிக்காரி. 1970கள்ல கையில சின்னப் பிள்ளை, தூரமாப் போக வழியில்ல. பாரிசுல தன் வீட்டுலேருந்தே 80, 90 மீட்டர் கரண்டு ஒயரை இழுத்துக்கிட்டு, அது எட்டுற தூரத்துக்குள்ளயே முழுப் படத்தையும் எடுத்துருச்சு. டாகேர் தெருவுல ரொட்டிக்கடை, கறிக்கடை, தையல்கடை, செண்டு விக்கிற கிழவன் கிழவி, அம்புட்டுதான். 20 வருசத்துக்கு மேல அதே தெருவுல குடியிருந்த பொம்பள என்ன கேக்குது? எந்த ஊர்லேருந்து வந்தீக, பொண்டாட்டியை எப்படிப் பாத்தீக, ராத்திரி என்ன கனவு வருதுன்னு கேக்குது. செண்டுக்கடைக் கிழவி புத்தி தடுமாறி, பொழுது சாஞ்சா எங்கயோ போகணும்னு கதவுகிட்ட வந்து நிக்குதா, கேமரா சும்மா பாத்துக்கிட்டு இருக்கு. நீங்களா இருந்தா அந்த எடத்துல ஒரு வயலினை அழ விட்டிருப்பீக.

அடுத்தது 2017ல வந்த படம். 90ஐ நெருங்குற வயசுல, கறுப்புக் கண்ணாடியைக் கழட்டாத ஜேஆர்ங்கிற பயலோட லாரியில ஊர் ஊராப் போகுது. சுரங்கத் தொழிலாளிக வீட்டு வரிசையில, காலி பண்ண மாட்டேன்னு ஒத்தையா இருந்த பொம்பளையோட முகத்தைப் பெரிய போட்டோவாக்கி வீட்டுச் சுவரு முழுக்க ஒட்டுறாக. பாத்ததும் அந்தம்மாவுக்குப் பேச்சே வரல. இன்னொரு ஊர்ல ஓட்டல்ல வேலை பாக்குற பொண்ணு படத்தை ஒட்டுனா, வர்றவன் போறவனெல்லாம் அதைப் போட்டோ புடிக்கான். பொண்ணுக்குக் கூச்சம். அன்பு காட்டுறேன்னு போயி ஒருத்தியை வேடிக்கைப் பொருளாவும் ஆக்கிரலாம் தம்பி. அதையும் மறைக்காம வர்தா படத்துல வச்சுச்சே, அதுக்குத்தான் நெஞ்சழுத்தம் வேணும்.

கூத்தைக் கேளுங்க, தெரியாதவன் வீட்டுக் கதவெல்லாம் தொறந்துச்சு. கடைசியா சுவிட்சர்லாந்துல பழைய சேக்காளி, சினிமா டைரக்டர் கோதார் வீட்டுக்குப் பலகாரம் வாங்கிட்டுப் போனா, கதவு பூட்டியிருக்கு. அந்த மகராசன் கண்ணாடியில ஏதோ எழுதி வச்சிட்டு ஆளைக் காணோம். கிழவி அழுதுருச்சு. தெரியாதவன்கிட்ட சிரிக்கிறது லேசு. நேத்தும் அவனுக்குக் கடன்படல, நாளைக்கும் அவன் மூஞ்சியில முழிக்கப் போறதில்ல.

அதனாலதான் சொல்லுதேன். பறக்குற கேமராவை மூட்டை கட்டிட்டு, நம்மூரு டீக்கடையில நாலு நாளு கடன் சொல்லி டீ குடிங்க. அஞ்சாம் நாளு காசு கேக்க வருவான் பாருங்க, அப்போ அவன் வாயிலேருந்து வர்றதுதான் பேச்சு. அதை எடுங்க.

காலையிலேருந்து, 'ஐயா, தனிமை வாட்டுதா?'ன்னு திருப்பித் திருப்பிக் கேக்கீக. வாட்டல, நீங்கதான் வாட்டுதீக. ஐயா பேரு என்னன்னு ஒரு தரமாவது கேட்டீகளா? படத்துல கீழ 'கிராமத்து முதியவர்'னு போட்டுக்கலாம்னு நெனப்பு. போடுங்க, போடுங்க. இந்தத் திண்ணையில உக்காந்து நானும் உங்களை, 'கேமரா தூக்கிட்டு வந்த ஒரு பய'ன்னுதான் சொல்லிக்கிட்டிருப்பேன்.