ஊரே பார்க்கும் சித்தப்பா வீடு

எங்கள் பக்கத்தில் இப்போதெல்லாம் கிரகப்பிரவேசத்துக்கு முன்பே கேமரா ஏறிவிடுகிறது. கூடவே ‘இந்த இடம் கேமரா கண்காணிப்பில் உள்ளது’ என்று ஒரு பலகை. பலகையை மட்டும் மாட்டிவிட்டுக் கேமரா வாங்காமலே காலம் தள்ளுகிறவர்களும் உண்டு. அவர்கள்தான் புத்திசாலிகள் என்பது என் கட்சி. பலகையை எவனாலும் ஹேக் செய்ய முடியாது.

ஸ்ரீரங்கத்தில் என் சித்தப்பா வீட்டில் நான்கு கேமரா. மாட்டச் சொன்னது ஷார்ஜாவில் இருக்கும் மகன். திருடனுக்காக என்று பேர். இதுவரை பிடிபட்டவர் சித்தப்பா மட்டும்தான். சர்க்கரை வியாதிக்காரர் ராத்திரி பதினொரு மணிக்கு ஃபிரிட்ஜைத் திறந்தால், ஷார்ஜாவிலிருந்து போன்: “அப்பா, அந்த மைசூர்பாகைத் திருப்பி வைங்க.” கொஞ்ச நாள் பொறுத்துப் பார்த்த சித்தப்பா, கேமரா மேலே ஈரத்துண்டைக் காயப்போட ஆரம்பித்தார். நான் பார்த்த சைபர் பாதுகாப்பு ஏற்பாடுகளில் நம்பகமானது இதுதான்.

மகன் பார்ப்பதாவது பாசம். மற்றவர்கள்? கேமரா மாட்டிய தம்பியிடம் பாஸ்வேர்டு என்ன என்று கேட்டேன். “அட்மின் 123 சார். மறந்துடுவீங்கன்னு டி.வி.ஆர். மேலேயே மார்க்கர்ல எழுதிட்டேன்.”

“தெருவுல மத்த வீடுகளுக்கு?”

“எல்லாத்துக்கும் அதேதான். ஆளுக்கு ஒண்ணு வெச்சா சர்வீஸுக்கு வர்றப்போ நான் குழம்பிட மாட்டேனா?”

தெரு முழுக்க ஒரே சாவியில் திறக்கும் பூட்டைப் போட்டுவிட்டு, அவர் பெருமையாகச் சிரித்தார்.

அவரை மட்டும் குறை சொல்வானேன்? 2016 அக்டோபர் 21 அன்று அமெரிக்காவில் ட்விட்டர், நெட்ஃபிளிக்ஸ் எல்லாம் மணிக்கணக்கில் படுத்துவிட்டன. செய்தது மிராய் என்கிற தீநிரல். மூளையெல்லாம் பெரிதாகச் செலவழிக்கவில்லை. அட்மின், 12345 மாதிரி அறுபது சொச்சம் பெயர்-பாஸ்வேர்டு ஜோடிகளை வைத்துக்கொண்டு இணையத்தில் கதவு கதவாகத் தட்டியது. கேமராக்களும் டி.வி.ஆர்.களும் ‘வாங்க வாங்க’ என்று திறந்தன. அப்படிச் சேர்ந்த படையைத்தான், ட்விட்டர் போன்ற தளங்கள் நம்பியிருந்த டைன் என்ற நிறுவனத்தின் சர்வர்கள் மேல் ஏவினார்கள். எவர் வீட்டு கார் ஷெட்டையோ காவல் காத்துக்கொண்டிருந்த கேமரா, ட்விட்டரைக் கவிழ்க்கப் போயிருக்கிறது. சொந்தக்காரருக்கு விஷயமே தெரியாது.

இத்தனைக்கும் இந்தக் கேமராக் குடும்பத்தின் மூத்தது பரம சாது. 1991இல் கேம்பிரிட்ஜ் பல்கலைக்கழகக் கணினி ஆய்வகத்தில் காபிப் பாத்திரத்துக்கு எதிரே அதை வைத்தார்கள். மாடி ஏறி இறங்கிப் போய்க் காலிப் பாத்திரத்தைப் பார்த்து ஏமாறக் கூடாது, அவ்வளவுதான் நோக்கம். 1993இல் வலையில் ஏறியது. 2001 வரை உலகமே பார்த்தது. காபிக்கு மானம் போகாது. பிறகு மனிதர்கள் பக்கம் திருப்பினார்கள், வம்பு வந்தது.

சிரிக்க முடியாத வம்பும் உண்டு. குஜராத்தின் ராஜ்கோட்டில் ஒரு மகப்பேறு மருத்துவமனை கேமராவிலிருந்து பெண் நோயாளிகளின் காட்சிகள் திருடப்பட்டு விலைக்குப் போனது 2025 பிப்ரவரியில் அம்பலமானது. அங்கேயும் பாஸ்வேர்டு அட்மின் 123 என்றே செய்திகள் வந்தன.

எல்லாக் கருவிக்கும் ஒரே பாஸ்வேர்டு வைத்து விற்கக் கூடாது என்ற சட்டம் பிரிட்டனில் 2024 ஏப்ரலில் நடைமுறைக்கு வந்தது. இந்தியாவிலும் 2025 ஏப்ரல் முதல், விற்பனைக்கு வரும் சிசிடிவி கேமராக்களுக்குப் பாதுகாப்புச் சோதனை கட்டாயம். நல்லது. ஆனால் ஏற்கெனவே சுவரில் தொங்குபவை அரசாணை படிப்பதில்லை.

ஆகவே ஒரு ஞாயிற்றுக்கிழமை மதியம் சித்தப்பா வீட்டில் உட்கார்ந்தோம். புதுப் பாஸ்வேர்டாக ‘ரங்கநாதா’ என்றார் சித்தப்பா. ஸ்ரீரங்கத்தில் அதற்கு அட்மினே தேவலை. சித்தி சொன்னது நீளமாக, யாராலும் யூகிக்க முடியாததாக, அவர் மாமியார் அந்தக் காலத்தில் செய்த ஒரு காரியத்தைப் பற்றியதாக இருந்தது. அதையே வைத்தோம். இங்கே எழுத முடியாது, இரண்டு காரணங்களுக்காக.

போனில் பார்க்க வசதியாகத் தம்பி ரௌட்டரில் திறந்துவிட்டிருந்த போர்ட்டை மூடினோம். ஃபர்ம்வேரை அப்டேட் செய்தோம். போனுக்கு ஓ.டி.பி. வந்தால்தான் செயலி திறக்கும்படி வைத்தோம். பார்க்க அனுமதி உள்ளவர்கள் பட்டியலைத் திறந்தால், காலி செய்துகொண்டு போய்விட்ட மாடிக் குடித்தனக்காரர் இன்னமும் அதில் இருந்தார்! நீக்கினோம். கடைசியாக, வீட்டுக்குள் இருந்த கேமராவைக் கழற்றி வாசலில் மாட்டினோம். திருடன் வாசல் வழியாகத்தானே வர வேண்டும்? இந்த ஏற்பாட்டைச் சித்தப்பா மனதார வரவேற்றார்.

உங்கள் வீட்டுக் கேமராவின் பாஸ்வேர்டையும் இன்றைக்கே மாற்றிவிடுங்கள். ஐந்து நிமிட வேலை. மாற்றியதை மட்டும் தயவுசெய்து டி.வி.ஆர். மேல் எழுதாதீர்கள்.