ராகுவும் மத்திய அரசு ஊழியர்தான்

நேரத்தை அளந்து, நறுக்கி, விலைக்கு விற்கிற ரகசியச் சங்கம் ஒன்று இருப்பதாகக் கதைகளில் எழுதுகிறார்கள். இதில் ரகசியம் என்ன இருக்கிறதென்று எங்கள் காரியாபட்டிக்காரர்களுக்குப் புரியாது. அருப்புக்கோட்டையிலோ விருதுநகரிலோ பஸ் மாறினால் சிவகாசி. சங்கம் அங்கே போர்டு மாட்டிக்கொண்டே நடக்கிறது. போர்டில் ‘ஆப்செட் பிரிண்டர்ஸ்’ என்று போட்டிருக்கும், அவ்வளவுதான்.

1922-இல் அய்ய நாடாரும் சண்முக நாடாரும் கல்கத்தா போய்த் தீப்பெட்டித் தொழில் கற்றுவந்தார்கள். தீப்பெட்டிக்குப் பட்டாசு துணை, இரண்டுக்கும் லேபிள் ஒட்ட அச்சகம் துணை. லேபிள் அடித்த கை சும்மா இருக்குமா? காலண்டர் அடித்தது. மழை எட்டிப் பார்க்காத ஊர் என்பதால் மருந்தும் காயும், காகிதமும் காயும்.

ஆடிப் பதினெட்டுக்குக் காவிரிக்கரையில் ஆற்றைக் கும்பிடுவார்கள். எங்கள் குண்டாற்றில் அன்றைக்குக் கும்பிடத் தண்ணீர் கிடைத்தால் அது பத்திரிகைச் செய்தி. சிவகாசியில் அன்றுதான் அடுத்த வருஷக் காலண்டர் ஆல்பத்துக்குப் பூஜை. நடப்பு வருஷத்தில் ஐந்து மாசம் பாக்கி கிடக்கும். அதற்குள் வரப்போகிற வருஷத்தைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு ஏஜென்ட் கடை கடையாக ஏறி இறங்குவார்.

சில்லறை வியாபாரம் டிசம்பர் கடைசியில் தொடங்கும். “அண்ணாச்சி, காலண்டர் வந்துருச்சா?” என்று கேட்டால், அண்ணாச்சி நம்மைப் பார்ப்பதில்லை, பற்று நோட்டைப் பார்ப்பார். “மாசச் சாமான் நம்மகிட்ட எடுக்குறவங்களுக்குத்தான் தினசரி. நீங்க அவசரத்துக்குக் கடுகு வாங்குற ஆளு. மாசக் காலண்டர் தரட்டுமா?” மாசச் சாமான்காரருக்கு 365 தாள், கடுகுக்காரனுக்குப் பன்னிரண்டு. நேரம் எல்லாருக்கும் பொது என்று மேடையில் பேசுகிறவர்கள் மளிகைக் கடை வாசலில் நின்று பார்க்க வேண்டும்.

தினசரியே கிடைத்துவிட்டாலும் முழு நாள் கைக்கு வராது. திங்கட்கிழமைத் தாளை எடுங்கள். ஏழரை முதல் ஒன்பது ராகுகாலம். பத்தரை முதல் பன்னிரண்டு எமகண்டம். ஒன்றரை முதல் மூன்று குளிகை. பகலின் பன்னிரண்டு மணி நேரத்தில் நாலரை மணி நேரம் இப்படியே போயிற்று. மிச்சத்தில் ரோகம், சோரம், விஷம் என்று கௌரி பஞ்சாங்கம் தன் பங்குக்கு எடுத்துக்கொள்ளும். அது போகக் கிடைப்பது சாப்பாட்டு நேரம். அப்போது ஆபீசில் ஆள் இருக்க மாட்டார்கள்.

அப்புறம் சூலம். எங்களுக்கு மதுரை வடக்கே. செவ்வாயும் புதனும் வடக்கே சூலம், பரிகாரம் பால். அருப்புக்கோட்டை தெற்கே. வியாழக்கிழமை அங்கே போகத் தைலம் வேண்டும். எங்கள் அப்பத்தா புதன்கிழமை மதுரை பஸ் ஏறினால் பால் குடிக்காமல் படியில் கால் வைக்காது. கண்டக்டர் விசில் ஊதிக்கொண்டே இருப்பார். அப்பத்தா பாலை ஆற்றிக்கொண்டே இருக்கும்.

எனக்கு மிகவும் பிடித்தவர் ராகுதான். பகலை எட்டாகப் பிரித்து அதில் ஒரு பங்கை அவருக்கு ஒதுக்கியிருக்கிறார்கள். கணக்கை ஆரம்பிக்க வேண்டியது சூரிய உதயத்திலிருந்து. தை மாசம் இங்கே வெயில் முகம் காட்ட ஆறரை தாண்டிவிடும். தாளிலோ வருஷம் பூராவும் அதே ஏழரை, அதே ஒன்பது. இன்னொன்றும் உண்டு. வெள்ளைக்காரன் காலத்தில் ரயிலெல்லாம் மெட்ராஸ் நேரப்படி ஓடின. 1792-இல் தொடங்கிய மெட்ராஸ் வானாய்வகம் சொல்லும் நேரம் அது. 1906-இல் இந்திய நேரம் என்று ஒன்றைக் கொண்டுவந்து கடிகாரத்தை ஒன்பது நிமிஷம் முன்னே தள்ளினார்கள். பம்பாய்க்காரர்கள் ஒத்துக்கொள்ளவில்லை, 1955 வரை தங்கள் நேரத்தைக் கட்டிப்பிடித்துக்கொண்டிருந்தார்கள். ராகு ஒரு வார்த்தை பேசவில்லை. புது நேரப்படி டாண் என்று ஏழரைக்கு ட்யூட்டியில் சேர்ந்துவிட்டார். எமனும் குளிகனும் அப்படியே. காரியாபட்டியில் சூரியன் இந்திய நேரத்துக்குச் சராசரியாகப் பதினேழு, பதினெட்டு நிமிஷம் பிந்தித்தான் உச்சிக்கு வருகிறது. அதற்கு மட்டும் இன்னும் சுற்றறிக்கை போகவில்லை போலிருக்கிறது.

சங்கத்துக்குள் கோஷ்டிப் பூசலும் உண்டு: வாக்கியப் பஞ்சாங்கம், திருக்கணிதப் பஞ்சாங்கம். திருக்கணிதப்படி சனி 2023 ஜனவரி 17-இல் கும்பத்துக்குப் போனார். வாக்கியப்படி அதே வருஷம் டிசம்பர் 20-இல்தான் போனார். திருநள்ளாறு வாக்கியத்தின் பக்கம். நடுவில் பதினொரு மாசம் அவர் எங்கே தங்கினார் என்று யாரும் விசாரிக்கவில்லை. என் மைத்துனர் தனுசு ராசி. கடன் கேட்க வரும்போது, “ஏழரை ஜனவரியிலேயே முடிஞ்சிருச்சு மச்சான், இனிமே ஏறுமுகம்தான்” என்பார். திருப்பிக் கேட்டால், “டிசம்பர் வரைக்கும் சனி இருக்குல்ல, கொஞ்சம் பொறுங்க மச்சான்” என்பார். அவர் வீட்டுச் சுவரில் இரண்டு காலண்டரும் தொங்குகின்றன.

இத்தனை நாள் நேரத்தை நறுக்கி விற்ற ஊருக்கே 2018-இல் உச்சநீதிமன்றம் நேரம் அளந்து கொடுத்தது. தீபாவளிக்கு வெடி வெடிக்க இரண்டே மணி நேரம். தமிழ்நாட்டுக்கு அதைக் காலை ஆறு முதல் ஏழு, இரவு ஏழு முதல் எட்டு என்று பிரித்தார்கள். விடியற்காலை நாலு மணிக்கு எண்ணெய் தேய்த்துக் குளித்துவிட்டு முதல் வெடியைப் பற்ற வைத்த ஊர், ஊதுபத்தியைக் கையில் பிடித்துக்கொண்டு ஆறு அடிக்கக் காத்திருந்தது.

இந்த உத்தரவை யாரும் சிவகாசித் தாளோடு ஒத்துப் பார்த்ததாகத் தெரியவில்லை. நான் பார்த்தேன். 2021, 2024 இரண்டு தீபாவளியும் வியாழக்கிழமை. வியாழன் எமகண்டம் ஆறு முதல் ஏழரை. அரசு தந்த காலை ஒரு மணி நேரம் அப்படியே எமன் மடியில் விழுந்தது. 2020 தீபாவளி சனிக்கிழமை. ஆறு முதல் ஏழரை குளிகை. குளிகையில் எதைச் செய்தாலும் அது திரும்பத் திரும்ப நடக்கும் என்பார்கள். மறு வருஷமும் அறிவிப்பு வந்தது: காலை ஆறு முதல் ஏழு, இரவு ஏழு முதல் எட்டு.