வீடு யாருக்கு, ரசீது யாருக்கு?

மாநகராட்சிப் பதிவேட்டில் தம்பி சத்தமில்லாமல் தன் பெயரை ஏற்றிவிட்டான். அண்ணன் உயர் நீதிமன்றத்துக்கு ஓடி, அரசியலமைப்பின் 226-ஆவது பிரிவின்கீழ் ரிட் மனு போட்டார். சொத்து யாருடையது என்று ரிட்டில் சாட்சி விசாரிக்க முடியாதாம்; உரிமையியல் நீதிமன்றத்துக்குப் போகச் சொல்லிவிட்டார்கள். வருவாய்ப் பதிவேட்டில் பெயர் ஏறினால் மட்டும் உரிமை வந்துவிடாது, அதெல்லாம் வரி வசூலுக்குத்தான் என்று உச்ச நீதிமன்றம் 2007-இலும் சொன்னது, அதற்கு முன்னும் பின்னும் சொல்லியிருக்கிறது. பிறகு எதற்கு அந்தப் பெயர் மாற்றத்துக்குப் பத்திர நகல், வாரிசுச் சான்று, வில்லங்கம் என்று ஒரு மூட்டைக் காகிதம்?

தம்பியோ வரி ரசீதை லேமினேட் செய்து பீரோவில் பூட்டியிருக்கிறான். உரிமையியல் வழக்கில் இன்னும் வாய்தாதான். அரையாண்டு வரி மட்டும் தவணை தவறுவதில்லை. அதை அண்ணன் கட்டினாலும் மாநகராட்சி வாங்கிக்கொள்ளும், தம்பி பெயரில் ரசீது போட்டு.