கதவுக்கு முன்பே குடியேறியவர்

சுவருக்குள் நழுவி மறையும் பாக்கெட் கதவின் பக்தர்கள் சொல்லும் கணக்கில் குற்றம் காண முடியாது. 2½ அடிக் கதவு திறந்து மூட ஏறக்குறைய 5 சதுர அடித் தரை காலியாகக் கிடக்க வேண்டும். சதுர அடிக்கு விலை பேசும் ஊரில், கதவு கைவீசி நடக்கவென்றே வாங்கிப்போட்ட நிலம் அது. ஆனால் சுவருக்குள் இடம் சும்மா இருக்கிறது என்று நம்புகிறார்களே, அங்கேதான் உதைக்கிறது. மின்சாரம் அங்கே ஏற்கெனவே குடியிருக்கிறது. நிலைக்குப் பக்கத்தில், கை போகிற உயரத்தில் சுவிட்ச் போர்டு. மேல்தளக் கான்கிரீட்டிலிருந்து அதற்கு இறங்கும் பிவிசி பைப். ஆகவே பாக்கெட் கதவுக்கு முதலில் கூப்பிட வேண்டியது ஆசாரியை அல்ல, எலெக்ட்ரீஷியனை என்பது என் கட்சி.

"போர்டு பாட்டுக்கு இருக்கட்டும், கதவு அதன் பின்னால் போய்க்கொள்ளும்" என்பார்கள். அறைகளுக்கு இடையே நாம் எழுப்புவது நாலரை அங்குலச் சுவர், சுமார் 115 மி.மீ. கதவு 35 மி.மீ. அது உரசாமல் ஓட இருபுறமும் கொஞ்சம் சந்து விட்டால், பக்கத்துக்கு 30 மி.மீ. சொச்சம் மிஞ்சும். சுவிட்ச் பெட்டியின் ஆழமோ 50 மி.மீ. பெட்டி கதவின் விலாவில் குத்தும். செங்கல்லை அப்பளமாகச் சீவவும் முடியாது. வாசலோடு சேர்த்து 5 அடிக்கு மேல் அகலம் வரும்படி சுவரை இடித்து, சட்டமும் பலகையும் நிறுத்த வேண்டும். பிறகு யாராவது அந்தப் பலகையில் காலண்டர் மாட்ட நீள ஆணி அடித்தால், உள்ளே இருக்கும் கதவு இருந்த இடத்திலேயே சமாதி ஆகிவிடும். குளியலறைக் கதவென்றால் வீட்டில் யாரும் அந்த நாளை மறக்கமாட்டார்கள்.

"ஒயரைச் சுற்றிக் கொண்டுபோனால் போச்சு" என்பது அடுத்த வாதம். நியாயமானதுதான். கதவு ஓடும் தண்டவாளத்துக்கு மேலாகப் பைப்பைத் திருப்பி, பலகையைத் தாண்டி, கெட்டிச் சுவரில் இறக்கலாம். ஆனால் பழைய ஒயர் அவ்வளவு தூரம் எட்டாது. உடனே ஒரு ஒட்டு, மேலே இன்சுலேஷன் டேப், அதற்கும் மேலே பூச்சு. விவகாரம் ஆரம்பிப்பது அங்கேதான். ஒட்டு என்றால் திறந்து பார்க்கக்கூடிய பெட்டிக்குள் இருக்க வேண்டும். இல்லையேல் எர்த் உள்பட முழு நீளத்துக்கும் புது ஒயர் இழுக்க வேண்டும். இந்தச் செலவையும் கூட்டினால் மிச்சமான 5 சதுர அடி அவ்வளவு மலிவு இல்லை. கட்டி முடித்த வீட்டில் இந்த ஆசை வேண்டாம். புதிதாகக் கட்டுகிறவர்கள், மேல்தளக் கான்கிரீட் கொட்டுவதற்கு முன், கதவு எந்தச் சுவருக்குள் போகப்போகிறது என்று எலெக்ட்ரீஷியனிடம் காட்டிவிடுங்கள்.