56-க்குள்ள முடிச்சிரும், மருமவனே!

மருமவனே, இப்படி உக்காரும். அடுத்த வருசம் ரிட்டயராமே, என் தங்கச்சி சொன்னா. பணிக்கொடையில மூத்தவ கல்யாணம், பென்சன்ல ஒரு பங்க முன்கூட்டியே மொத்தமா வாங்குற கம்யூட்டேசன்ல மாடி எடுக்கணும்னு கணக்கும் போட்டுட்டீராம். பலே! கைக்கு வராத காச இவ்வளவு ஒழுங்கா செலவழிச்ச ஆள நான் பாத்ததில்ல.

நானும் தாலுகா ஆபீசுல தலையாரியாக் கெடந்தவன்தானே. சட்டம் படிக்கல. சட்டம் படிச்சவங்க டீ வாங்கியாரச் சொன்னப்ப காதத் தொறந்து வச்சிருந்தேன், அவ்வளவுதான்.

தப்பு செய்யிறதா இருந்தா 56 வயசுக்குள்ள செஞ்சு முடிச்சிரணும். சிரிக்காதியும். தமிழ்நாடு ஓய்வூதிய விதிகள் 1978-ல 9-ம் விதி இருக்கு. வேலையில இருக்கையில குற்றக் குறிப்பாணை குடுக்காம விட்டுட்டா, ரிட்டயரான பொறவு சர்க்கார் அனுமதியில்லாம தொடங்க முடியாது. அனுமதி கெடச்சாலும் நாலு வருசத்துக்கு முந்துன சங்கதியத் தொடக் கூடாது. ரிட்டயர் வயசு 60-ல நாலு போனா எவ்வளவு? அதேன்.

ஆனா மேலிடத்துலயும் கணக்குப் படிச்சவங்க இருக்காங்க. 15 வருசமா பீரோவுக்கடியில தூங்குன ஃபைலு, உம்ம கடைசி மாசத்துல எந்திரிச்சு சோம்பல் முறிக்கும். 17(பி) குற்றக் குறிப்பாணை கவருல வந்துரும். வேலையில இருக்கும்போதே வந்துட்டா அந்த நாலு வருசக் கணக்கு செல்லாது. முன்னெல்லாம் இன்னும் விசேஷம்: மத்தியானம் கழுத்துல மாலை, சாயங்காலம் சஸ்பென்சன், கூடவே ‘ஓய்வு பெற அனுமதிக்கப்படவில்லை’ன்னு ஒரு ஆர்டர். மனுசன் வேலையிலயும் இல்ல, வீட்டுலயும் இல்ல. 2021-ல முதலமைச்சர் சட்டசபையில அறிவிச்சு, கடைசி நாள் சஸ்பென்சன் தவிர்க்கப்படும்னு ஆச்சு. நல்ல காரியம். இப்ப கொஞ்சம் முன்னாடியே குடுப்பாங்க.

விசாரணை தொங்குனா பட்டினி கெடக்க மாட்டீரு, தற்காலிக ஓய்வூதியம் வரும். பணிக்கொடையும் கம்யூட்டேசனும்தான் வராது. ‘விசாரணை அதிகாரி மாறிட்டாரு, முகூர்த்தத்தக் கொஞ்சம் தள்ளிப் போடுங்க’ன்னு சம்பந்திகிட்ட சொல்லிப் பாரும். அந்த அதிகாரிக்கும் ரிட்டயர்மெண்ட் வரும். அவருக்கே ஒரு கவரு வந்தாலும் வரும்.

நியாயம் என்னவோ உம்ம பக்கந்தான். ஓய்வூதியம் தர்மம் இல்ல, உரிமைன்னு 1971-லயே தேவகிநந்தன் பிரசாத் வழக்குல உச்ச நீதிமன்றம் சொல்லிட்டு. 1982 டிசம்பர் 17-ல நகரா தீர்ப்பும் அதையே சொல்லிச்சு. பென்சன்காரங்க அந்த நாளத்தான் வருசா வருசம் கொண்டாடுதாங்க. 2013-ல ஜார்க்கண்ட் வழக்கு வந்திச்சு. விசாரணையச் சாக்கு வச்சு, விதியில இடமில்லாம பென்சனையும் பணிக்கொடையையும் பிடிச்சு வைக்கப்படாதுன்னுட்டாங்க. அத நம்பி உடனே வக்கீலத் தேடி ஓடாதியும். அங்க விதியில்ல, ஜெயிச்சாங்க. நம்ம ஊருல விதி பேஷா இருக்கு.

அதுக்காக நடுங்கவும் வேண்டாம். ரிட்டயரானவரு பென்சன்ல கை வைக்க உம்ம ஜில்லா அதிகாரியால ஆகாது. ஃபைலு கோட்டைக்குப் போகணும், தேர்வாணையத்தக் கேக்கணும், பெரிய தப்புன்னு நிரூபிக்கணும். சர்க்காருக்கு நஷ்டம்னு வசூலிச்சாலும், சாதாரணமா மாசப் பென்சன்ல மூணுல ஒரு பங்கத் தாண்ட மாட்டாங்க. ரொம்ப ஊறப்போட்ட குறிப்பாணை கோர்ட்டுக்கும் பிடிக்காது. நம்ம வீட்டு வசதி வாரியத்துல 1990 சங்கதிக்கு 2000-ல குடுத்தத, 2005-ல மகாதேவன் வழக்குல உச்ச நீதிமன்றமே ரத்து பண்ணிட்டு. நடுவுல நீரு போய்ச் சேந்துட்டா விசாரணையும் உம்மோடயே போயிரும். அவசரப்பட வேண்டாம்.

கவரு வந்தா மூஞ்சியத் தூக்காம வாங்கும். கையெழுத்துக்குக் கீழ தேதிய உம்ம கையாலயே போடும். ஒரு நகல் எடுத்து வீட்டுல வையும். பதில் சொல்ல வாய்தா கேட்டு இழுக்காதியும், இழுக்கிறது அவங்க தொழிலு.

சரி, அந்தக் குளத்துப் புறம்போக்கு ஃபைலு எந்த வருசம்? சத்தமா வேண்டாம், உம்ம அத்தை அடுக்களையில நிக்கா. இப்படி வந்து காதுல சொல்லும்.