வணக்கத்துக்கு முன் எடை

பினாங்கில் நம்மவர்களைச் சந்தித்தால் வணக்கத்துக்கு முன்னே எடை வந்துவிடும். “என்னா, உடம்பு போட்டுட்ட?” கேட்பது பெரும்பாலும் ஏதாவது ஓர் அத்தை, நாசி கண்டார் கடையில். கேட்ட வாயோடு நம் தட்டுக்கும் சேர்த்துக் “குழம்பு பஞ்சிர்” (வெள்ளமாய் ஊற்று) என்று சொல்லிவிடுவார்.

இந்த அத்தைமார்களுக்கு இப்போது அறிவியலும் துணை: எடையை உயரத்தோடு ஒப்பிடும் பிஎம்ஐ எண். பெல்ஜியக் கணித அறிஞர் கெத்லே 1830-களில் ‘சராசரி மனிதனை’த் தேடிப் போட்ட கணக்கு அது, நோய் பார்க்கப் போட்டதல்ல. உலகச் சுகாதார நிறுவனத்தின் பொதுக்கோடு 25, மலேசிய மருத்துவர்களின் கோடு 23. 24 உள்ளவர் உலகத்துக்கு அளவானவர், உள்ளூர் கிளினிக்கில் கூடுதல் எடைக்காரர். (ஆசியர்களுக்குக் குறைந்த எடையிலேயே சர்க்கரை நோய் வருகிறது என்பதால்தான் அந்த 23. அதை மறுப்பதற்கில்லை.)

ஆனால் எடை மட்டும் உடல் வலுவைச் சொல்லிவிடாது. தைப்பூசத்தன்று தண்ணீர்மலை முருகன் கோயிலுக்கு வந்து பாருங்கள். 500-க்கும் மேற்பட்ட படிகள். ஆண்டு முழுக்கக் ‘குண்டம்மா’ என்று பெயர் வாங்கியவர் பால்குடத்தோடு விறுவிறுவென ஏறிப்போவார். ஜிம்மில் செதுக்கிய தம்பி பாதிப் படியில் உட்கார்ந்து செல்ஃபி எடுத்துக்கொண்டிருப்பார், மூச்சு வாங்குவது படத்தில் தெரியாது.

அத்தை, அக்கறை இருந்தால் ரத்தச் சர்க்கரை பார்த்தாயா என்று கேளுங்கள். காலையில் தாவரவியல் பூங்காவுக்கு நடக்கக் கூப்பிடுங்கள். நடந்து முடித்த கையோடு ரொட்டி சானாய்க் கடைக்கு இழுத்துப் போகாமலிருந்தால் இன்னும் நல்லது.