தாய்வீட்டுக்கு வரும் திமிங்கிலம்

கேள்வி: கலிபோர்னியாவில் மகன் வீட்டுக்குப் போகிறேன். கரையில் நின்றே திமிங்கிலம் பார்க்கலாமாமே?
- ஒரு வாசகி, நாகர்கோவில்

பதில்: தாராளமாக! சாம்பல் திமிங்கிலங்கள் ஆர்க்டிக் பக்கமிருந்து கலிபோர்னியாக் கரை வழியாக மெக்சிகோவின் பாஹா காயல்களுக்குப் பிரசவத்துக்கு வருகின்றன. தாய்வீடு தூரம்தான், போகவர 16,000 கிலோமீட்டர். வசந்தத்தில் குட்டியோடு திரும்பும் தாய், ஓர்கா எனும் கொலைத் திமிங்கிலங்களுக்குப் பயந்து கரையை ஒட்டியே நீந்துவாள். மேட்டில் நின்று அலைக்கு அப்பால் பாருங்கள். முதலில் இதய வடிவில் அதன் மூச்சு நீராவியாக எழும். பிறகு, வெள்ளைத் திட்டுகள் படிந்த முதுகு மெல்லப் புரளும். படகில் போனால் 100 கெஜமாவது தள்ளி நிற்க வேண்டும். பிள்ளை பெற்றவள் அறைக்குள் கூட்டமாக நுழைவோமா? படகுக்காரர் நெருங்கினால், "வேண்டாம் தம்பி" என்று நீங்களே தடுத்துவிடுங்கள்.